இரும்புக்கு ஏழு விநாடி

வில்லியமினா மேர் இருபத்தாறு வருஷம் தொலைக்காட்சியில் பேசினாள். ஆனால் ‘இது அவளுடைய நிகழ்ச்சி’ என்று சொல்ல ஒன்றுகூடக் கிடையாது. ஒரு நிகழ்ச்சி முடிந்து அடுத்தது தொடங்குவதற்குள் ஒரு சின்னச் சந்து விழும் இல்லையா, பத்து விநாடி, இருபது விநாடி, அந்தச் சந்தில்தான் அவள் குடியிருந்தாள். முடிந்தது இன்னது, வரப்போவது இன்னது, ஹண்ட்லியில் இன்று ஐந்து வயது நிறையும் குழந்தைக்கு வாழ்த்து, வடக்குப் பாதையில் பனி, பார்த்துப் போங்கள். அவ்வளவுதான். நாடகம் நடித்தவர்களையும் பாட்டுப் பாடியவர்களையும் ஜனங்கள் மறந்துபோனார்கள். நடுவில் வந்து போன இவளை மறக்கவில்லை. ஆபர்டீன் கடைத்தெருவில் அவள் கோழிமுட்டை வாங்கினால், “இன்னிக்கு ராத்திரி என்னம்மா படம்?” என்று முன்பின் தெரியாதவர்கள் கேட்பார்கள். அவளும் நின்று பதில் சொல்லிவிட்டுத்தான் போவாள்.

வீட்டில் கூப்பிடும் பெயர் மைனா. அந்தப் பக்கத்தில் அது வில்லியமினாவின் சுருக்கம், பறவைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. தமிழ்க் காதுக்கு அந்தப் பெயர் எவ்வளவு பொருத்தம் என்று அவளுக்கு யாரும் சொன்னதில்லை.

பிறந்தது போர்ட்லென்னி. வடகிழக்கு ஸ்காட்லாந்தின் கரையில் மீன்பிடித்தே பிழைக்கும் ஊர். அங்கே கல்லை எறிந்தால் ஒரு மேர் மேல்தான் விழும். அத்தனை பேருக்கும் ஒரே குடும்பப் பெயர். வில்சன் மேர் என்று மட்டும் நான்கு பேர் இருந்தார்கள். அதனால் வீட்டுக்கு வீடு ஒரு பட்டப்பெயர் உண்டு. தபால்காரர் பையிலும் வாக்காளர் பட்டியலிலும்கூட அதையும் சேர்த்துத்தான் எழுதுவார்கள். மைனாவின் கொள்ளுத்தாத்தா நடந்த நடையைப் பார்த்து யாரோ ஒரு புண்ணியவான் ‘வாத்து’ என்று வைத்துவிட்டான். அதிலிருந்து அவள் அப்பா வாத்து வில்சன், அம்மா வாத்து எல்ஸ்பெட், இவள் வாத்து வீட்டு மைனா. சிரித்தால் சிரித்துக்கொள்ளுங்கள், அவர்களுக்கு அதில் ஒரு வெட்கமும் இல்லை.

அந்த ஊரின் ஒவ்வொரு சமையலறையிலும் ஒரு ரேடியோப் பெட்டி, படகுகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளும் அலைவரிசையில் நாள் முழுக்கக் கரகரத்துக்கொண்டிருக்கும். புருஷன் எங்கே வலை விட்டிருக்கிறான், மீன் பட்டதா, பல்வலி எப்படி இருக்கிறது, எல்லாம் அதில்தான். ஒன்பது வயதில் மைனாவுக்கு ஒரு வித்தை கைவந்திருந்தது. பேசுவதற்கு முன் ஒவ்வொரு படகுத் தலைவனும் தொண்டையைச் செருமும் விதத்தை வைத்தே, “அடுத்து பேசப் போறது ‘கடலரசி’ ஜேம்ஸ்” என்று அறிவித்துவிடுவாள். ஒருதரம்கூடத் தப்பாது. அம்மா கையில் மாவோடு நின்று, “இவளுக்கு முன்னாடியே எப்படித் தெரியுது?” என்பாள். பிற்பாடு அவள் சம்பளம் வாங்கிச் செய்ததும் இதே வேலைதான்.

பதினெட்டு வயதில் பீட்டர்ஹெட் தொலைபேசி நிலையம், இருபத்திரண்டில் ஆபர்டீன் வானொலி. வானொலியிலும் அறிவிப்புதான். அங்கேதான் முதல்தடவை அந்தச் சொல்லோடு மோதினாள்.

பன்றி.

மீனவக் குடும்பத்தில் பிறந்தவர்கள் வாயால் சொல்லக்கூடாத சொற்கள் சில உண்டு. பன்றி, முயல், பாதிரியார், சால்மன் மீன். நம் பக்கத்தில் இருட்டிய பிறகு பாம்பைப் பாம்பு என்னாமல் பூச்சி என்பதில்லையா, அதே கதைதான். இதில் பன்றிக்குத்தான் முதல் இடம். சொன்னாலும் தோஷம், கேட்டாலும் தோஷம். வலையில் ஒன்றும் விழாது, இல்லையென்றால் அதைவிட மோசமாக ஏதாவது நடக்கும். தப்பித் தவறிக் காதில் விழுந்துவிட்டால், கைக்கு எட்டும் இரும்பை உடனே தொட்டு “குளிர்ந்த இரும்பு!” என்று சொல்லிவிட வேண்டும். சொல்லிவிட்டால் கணக்குத் தீர்ந்தது. பாதிரியாரே பிரசங்கத்தில் அந்த மிருகத்தைக் கொண்டுவந்த ஒரு நாள், கோயில் முழுக்க ஆண்கள் குனிந்து செருப்பாணியைத் தொட்டார்களாம். அவர் தம் பிரசங்கத்தில் உருகித் தலைகுனிகிறார்கள் என்று நினைத்துக்கொண்டார்.

வானொலியில் மைனாவுக்குப் பிரச்சினையில்லை. முகம் தெரியாது. இடது கையில் வீட்டுச் சாவியைப் பிடித்துக்கொண்டு சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுவாள். படகு அலைவரிசையை விட்டு வானொலிப் பேச்சைக் கேட்க ஊரில் யாருக்கும் நேரமில்லாததால் அதோடு போயிற்று.

இருபத்தைந்தாவது வயதில், வடகிழக்குத் தொலைக்காட்சி அவளை ஆறுமாதத் தகுதிகாண் அறிவிப்பாளராக எடுத்தது. பழைய ரொட்டிக் கிடங்கு ஒன்றில் நடந்த சின்ன நிலையம் அது. அறிவிப்பு அறை என்பது ஒரு மேஜை, ஒரு நாற்காலி, ஒரு கடிகாரம், ஆளில்லாமல் முறைத்துக்கொண்டு நிற்கும் ஒரு கேமரா. இடுப்புக்கு மேலே முத்துமாலையும் நல்ல சட்டையும். இடுப்புக்குக் கீழே அப்பாவின் பழைய கம்பளிக் காலுறை, ஏனென்றால் அந்த அறையில் குளிர் எலும்பைக் கடிக்கும். பதினேழு விநாடி என்று தாளில் இருந்தால் பதினாறரைக்கு அவள் வாய் மூடும். பத்து நாளில் கடிகாரம் பார்க்காமலே முட்டை அவிக்கத் தொடங்கிவிட்டாள். வேலை அவளுக்கு அவ்வளவு பிடித்திருந்தது. காலையில் மாடிப்படி ஏறும்போதே சிரிப்பு வந்துவிடும் என்று அவளே சொல்லியிருக்கிறாள்.

போர்ட்லென்னியில் ஒரு வேடிக்கை நடந்தது. ஞாயிற்றுக்கிழமை தொலைக்காட்சி பார்ப்பது பாவம் என்று நினைக்கும் வீடுகள்தான் அங்கே பாதிக்கு மேல். ஆனால் நம் ஊர்ப் பெண்ணைப் பார்ப்பது தொலைக்காட்சி பார்ப்பதாகாது என்று அவர்களே ஒரு தீர்ப்புச் சொல்லிக்கொண்டார்கள். ஒரு மணிக்குப் பெட்டியைப் போடுவார்கள். மைனா வருவாள், சிரிப்பாள், அடுத்து விவசாயிகளுக்கான நிகழ்ச்சி என்பாள். பட்டென்று அணைத்துவிட்டுச் சாப்பிடப் போவார்கள். ஊரே வாரத்துக்கு இருபது விநாடி டிவி பார்த்தது.

வேலைக்குச் சேர்ந்து எட்டாவது ஞாயிறு. முந்தின வாரங்களில் எல்லாம் மாடு, டர்னிப், டிராக்டர் என்று போய்விட்டது. அன்று தாளில் பன்றி இருந்தது. மைனா பழக்கதோஷத்தில் மேஜைக்கு அடியில் சாவியைப் பிடித்துக்கொண்டு, சிரித்த முகத்தோடு, “அடுத்து, குளிர்காலத்தில் பன்றி வளர்ப்பு” என்றாள். தனக்குத்தான் பாதுகாப்புத் தேடிக்கொண்டாளே ஒழிய, பெட்டிக்கு அந்தப் பக்கத்தில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று நினைக்கவில்லை.

மறுநாள் காலை அம்மாவிடமிருந்து போன்.

“ஏண்டி, உனக்கு மூளையிருக்கா?”

“என்னம்மா ஆச்சு?”

“அந்த வார்த்தைய சொல்லிட்டியே, நாடு பூரா கேக்குற மாதிரி! உங்கப்பா சாப்பாட்டு மேஜையில இருந்து எழுந்து பாஞ்சாரு பாரு. பக்கத்துல என்ன இரும்பு இருக்கு? அடுப்பு. தளதளன்னு சூப்பு கொதிக்குது அதுமேல. அதப் போயி ரெண்டு கையாலயும் புடிச்சுட்டாரு.”

“ஐயோ! அப்பாவுக்கு என்னாச்சு?”

“உள்ளங்கை ரெண்டும் வெந்து போச்சு. அந்த நெலமையிலயும் ‘குளிர்ந்த இரும்பு’ன்னு கத்துறாருடி, அத நெனச்சாத்தான் எனக்கு சிரிப்பு வருது. சிரிக்கக் கூடாது. ஆனா வருது.”

வெந்த கையோடு கயிறு பிடிக்க முடியாது. பத்து நாள் வாத்து வில்சனின் படகு துறைமுகத்திலேயே கிடந்தது. ஊரில் யாரும் மைனாவைத் திட்டவில்லை. அது இன்னும் மோசமாக இருந்தது. ‘வேலை அப்படி, பாவம், அவள் என்ன செய்வாள்’ என்றார்களாம். தன்னை வேற்று ஆளாக ஒதுக்கிவிட்டார்கள் என்று அவளுக்கு அழுகையே வந்துவிட்டது. இனிமேல் ஞாயிற்றுக்கிழமை அந்தச் சொல்லை வாயில் எடுப்பதில்லை என்று முடிவு செய்தாள்.

முடிவு சுலபம். பன்றி என்னவோ வாராவாரம் வந்தது. ஒரு வாரம் ‘சுருட்டை வால்காரர்’ என்றாள். ஒரு வாரம் ‘நீள மூக்கு நண்பர்கள்’. அங்கே காலையில் முட்டையோடு பன்றிக்கறி வைப்பது வழக்கம் என்பதால் இன்னொரு வாரம், ‘காலைப் பலகாரத்தில் முட்டைக்குப் பக்கத்தில் இருப்பவர்’. கட்டுப்பாட்டு அறையில் இருந்த எக்கி ஃபார்க்கர் விழுந்து விழுந்து சிரித்தான். எக்கிதான் பொறியாளன், அவள் காதில் மாட்டிய கருவியில் பேசுகிறவன். அவன் உள்நாட்டுப் பண்ணைக்காரன் மகன்.

“எங்க வீட்ல நாப்பது பன்னி இருக்கு மைனா. ஒண்ணுகூட இதுவரைக்கும் ஒரு படகையும் முழுக்கடிச்சதில்ல.”

“நீ கப்பல்ல போனதுண்டா?”

“டப்பாவுல ஏறி குளத்துல போயிருக்கேன்.”

“அப்ப வாய மூடு.”

எக்கி சிரித்தான். பண்ணைக்காரர்கள் சிரிக்கவில்லை. கடிதங்கள் வர ஆரம்பித்தன. டரிஃப் பக்கத்துக்காரர் ஒருவர் எழுதியிருந்தார்: ‘நான் முப்பது வருஷமாகப் பன்றி வளர்க்கிறேன். என் பிள்ளைகளைப் படிக்க வைத்தது அவைதான். அவற்றின் பெயரைச் சொல்ல உங்கள் அம்மணிக்கு ஏன் கூச்சம்? எங்கள் வீட்டில் எல்லோரும் நன்றாகக் குளிக்கிறோம்.’ அதைப் படித்தபோது மைனாவுக்குச் சுருக்கென்றது. கடற்கரையைக் காப்பாற்றப் போய், உள்நாட்டில் பாதி ஜனத்தை அவமானப்படுத்திக்கொண்டிருக்கிறாள்.

அறிவிப்புப் பிரிவுத் தலைவர் ஆர்மராட் அவளைக் கூப்பிட்டனுப்பினார். தெற்கே லங்காஷயரிலிருந்து வந்தவர். கழுத்தில் எந்நேரமும் விநாடி எண்ணும் ஒரு நிறுத்தக் கடிகாரம் தொங்கும். சிரிப்பதற்குக்கூட அதைப் பார்த்துக்கொள்வார் என்று பேச்சு. கெட்டவர் இல்லை. சுத்தமான மனிதர், அதுதான் தொந்தரவு. மேஜைமேல் நாற்பத்தொரு கடிதங்களை அடுக்கி வைத்திருந்தார்.

“மிஸ் மேர், முட்டைக்குப் பக்கத்துல இருக்கறவர் யாரு?”

“சார், அது வந்து...”

“எங்கம்மா வீட்ல முட்டைக்குப் பக்கத்துல தக்காளிதான் இருக்கும். தக்காளி நிகழ்ச்சின்னு நெனச்சு ஒருத்தர் உக்காந்து பாத்திருக்கார். இதோ அவர் கடிதம்.”

மைனா எல்லாவற்றையும் சொன்னாள். படகு, இரும்பு, அப்பாவின் கை. ஆர்மராட் குறுக்கே பேசாமல் கேட்டார்.

“புரியுது. எனக்கும் அப்பா இருந்தார். ஆனா பாருங்க, நம்ம வேலை ஒண்ணே ஒண்ணுதான். அடுத்து என்ன வரப்போகுதுன்னு ஜனங்களுக்குச் சொல்றது. அதச் சொல்லலன்னா, நீங்க அங்க எதுக்கு உக்காந்திருக்கீங்க?”

அவள் மேஜைமேல் இருந்த கடிதங்களைப் பார்த்தாள். சரியான கேள்வி என்பதுதான் அவளை வருத்தியது.

“மார்ச் கடைசி ஞாயிறு அரைமணி நேரமும் பன்றிதான். வருஷத்தோட பெரிய பன்றிப் போட்டி, படம் பிடிச்சு வந்திருக்கு. அந்த வாரத்தோட உங்க ஆறு மாசமும் முடியுது. அன்னிக்குத் தாள்ல இருக்கற வார்த்தைய நீங்க சொல்றீங்க. சொல்லலன்னா, திங்கட்கிழமை நீங்க வரவேண்டியதில்ல. நான் இத கோவமா சொல்லல.”

கோபமாகச் சொல்லியிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

இதில் இன்னொரு கூத்து. அதே ஞாயிற்றுக்கு மறுநாள் விடிகாலையில்தான் வாத்து வில்சனின் புதுப் படகு முதன்முதலாகக் கடலுக்குப் போகிறது. படகின் பெயர் ‘வைகறை’. இருபது வருஷ உழைப்பு அதில் இருந்தது. மைனா வீட்டுக்குப் போன் செய்து நிலைமையைச் சொன்னபோது, அம்மா மூச்சு விடாமல் பேசினாள்.

“ஆளுங்க அஞ்சு பேரும் சொல்லிட்டாங்கடி. புதுப் படகு, மொத நாளு, முந்தின நாள் அந்த வார்த்த காதுல விழுந்துச்சுன்னா கால் எடுத்து வைக்க மாட்டாங்களாம்.”

“அன்னிக்கு மட்டும் டிவிய போடாம இருங்களேன்மா.”

“சொன்னேனே! மைனா முகத்தைப் பாக்காம ஞாயித்துக்கிழமையா, அதுவே அபசகுனம்னுட்டான் ஒருத்தன். இவனுங்ககிட்ட என்னத்தச் சொல்ல? நீ சொல்லாம இருந்துடேன்.”

“சொல்லலன்னா வேலை போயிடும்மா.”

பின்னால் அப்பாவின் குரல் கேட்டது. போனைக் கையில் வாங்குகிற பழக்கம் அவருக்குக் கிடையாது. படகு ரேடியோவைத் தவிர வேறு எதிலும் பேசமாட்டார். “அவ வேலை அவளுக்கு, என் படகு எனக்குன்னு சொல்லு” என்றார். அது ஆசீர்வாதமா கோபமா என்று அந்த வாரம் முழுக்க மைனாவுக்கு விளங்கவில்லை.

அந்த ஞாயிறும் வந்தது. பகல் பன்னிரண்டு ஐம்பதுக்குக் கடல் வானிலை வாசித்தாள். ஆர்க்னித் தீவுகளுக்கு வடக்கே செவ்வாய் இரவு பலத்த காற்று, சிறு படகுகள் கவனம். மீனவர் மகள் என்பதால் அதை எப்போதும் நிறுத்தி நிதானமாக வாசிப்பாள், கேட்கிறவன் பென்சில் எடுக்க நேரம் கொடுப்பாள். வாசித்து முடித்துத் தாளைக் கீழே வைத்தபோதுதான் அவள் மண்டையில் உறைத்தது. காற்றை யாராலும் நிறுத்த முடியாது. முன்கூட்டிச் சொல்லத்தான் முடியும். சொல்லிவிட்டால் அவரவர் கயிற்றை இறுக்கிக் கட்டிக்கொள்வார்கள். நான்கு மாதமாகக் காற்றையே ஒளித்து வைக்கப் பார்த்திருக்கிறோம் என்று அவளுக்குச் சிரிப்பு வந்தது.

ஒரு மணி. சிவப்பு விளக்கு எரிந்தது. அவளுக்குக் கொடுக்கப்பட்டது இருபது விநாடி.

“வணக்கம். கடற்கரைப் பக்கத்து நேயர்களுக்கு ஓர் எச்சரிக்கை” என்றாள், புயல் செய்தி வாசிக்கும் அதே குரலில். “இன்னும் ஏழு விநாடியில் நான் ஒரு சொல்லைச் சொல்லப்போகிறேன். என்ன சொல் என்று உங்களுக்குத் தெரியும். பக்கத்தில் இருக்கும் இரும்பைப் பிடித்துக்கொள்ளுங்கள். நிகழ்ச்சி தொடங்கும்வரை கையை எடுக்காதீர்கள். அப்பா, அடுப்பு வேண்டாம்.”

மேஜையிலிருந்த காகிதக் கத்தரியைக் கையில் எடுத்து, எல்லோரும் பார்க்கும்படி மார்புக்கு நேரே பிடித்துக்கொண்டாள். பிறகு பேசாமல் இருந்தாள். தொலைக்காட்சியில் ஒருவர் சும்மா உட்கார்ந்து உங்களைப் பார்ப்பது எவ்வளவு நீண்ட நேரம் என்பது பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். எக்கி காதில், “மைனா, என்ன பண்ற? செத்தோம்!” என்று கிசுகிசுத்தான்.

“பன்றி” என்றாள் மைனா. வட்டமாக, முழுசாக, வாய் நிறைய. “பண்ணைப் பக்கத்து நேயர்களே, உங்கள் பன்றிகளை நாலு மாதமாக நான் சுற்றி வளைத்துக் கூப்பிட்டதற்கு மன்னியுங்கள். இதோ, பெரிய பன்றிப் போட்டி.”

படம் வரவில்லை.

திரையில் ஒரு கறுப்பு, ஒரு கிறுக்கல், திரும்பவும் மைனாவின் முகம். எக்கியின் குரல் அலறியது: “படச்சுருள் அறுந்துடுச்சு! ஒட்டணும். பேசு! என்ன வேணா பேசு, நிறுத்தாத!”

இந்த வேலையில் இருப்பவர்கள் கனவில்கூடப் பயப்படுவது இதற்குத்தான். தாள் இல்லை, சொல்ல விஷயம் இல்லை, கேமராவுக்கு மட்டும் இரக்கமே இல்லை. மைனாவுக்கு முதலில் நினைவுக்கு வந்தது, ஒரு கரை முழுக்க ஜனங்கள் கையில் இரும்போடு நிற்கிறார்கள் என்பது.

“யாரும் கைய எடுத்துடாதீங்க!” என்றாள். “நிகழ்ச்சி இன்னும் ஆரம்பிக்கல. படம் அறுந்துபோச்சு. நான் சொன்னதனாலதான் அறுந்துச்சுன்னு போர்ட்லென்னியில சொல்லுவாங்க, எனக்குத் தெரியும். அப்படியில்ல, இது பழைய மெஷின்.”

அவ்வளவுதான், மடை திறந்துவிட்டது. அப்பா அடுப்பைப் பிடித்த கதையைச் சொன்னாள், அவர் கத்தியது உட்பட. தக்காளி நிகழ்ச்சிக்குக் காத்திருந்தவரின் கடிதத்தைச் சொன்னாள். டரிஃப் பண்ணைக்காரரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, “நீங்க குளிக்கிறீங்கன்னு எனக்குத் தெரியுங்க, கூச்சம் உங்களப் பத்தியில்ல, உங்க பன்னி எங்க படகுக்கு ஆகாது, அவ்வளவுதான். எங்க மீன் நாத்தம் உங்களுக்கு ஆகாதில்ல, அது மாதிரி” என்றாள். ஆறு மாதமாகப் பளபளவென்று தேய்த்து வைத்திருந்த அறிவிப்பாளர் பேச்சு இரண்டாவது நிமிடத்திலேயே காணாமல் போயிற்று. பேசியது வாத்து வீட்டு மைனா. நான்கு நிமிடம் பத்து விநாடி. அதற்குள் பதினேழு தடவை பன்றி என்றாள், எக்கி எண்ணியிருக்கிறான். ஒவ்வொரு தடவையும் கத்தரியை உயர்த்தினாள்.

அந்த நேரத்தில் கரையில் நடந்தவை பிற்பாடு தெரியவந்தன. துணி தேய்க்கும் பெட்டியைப் பிடித்தபடி ஒருத்தி நாலு நிமிடமும் அசையாமல் நின்று அவள் கணவனின் நல்ல சட்டையைத் தீய்த்துவிட்டாள். இரண்டு சகோதரர்கள், பத்து வருஷமாகப் பேச்சுவார்த்தை இல்லாதவர்கள், எதிரெதிர் வீட்டிலிருந்து ஓடிவந்து ஒரே வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு ஜன்னல் வழியாக டிவி பார்த்தார்கள். வாத்து வீட்டில் படகு ஆட்கள் ஐந்து பேரும் ஒரே கணப்புக் கம்பியில் கை வைத்து வரிசையாகக் குந்தியிருந்தார்கள். “நிகழ்ச்சி ஆரம்பிச்சதும் எடுக்கலாம்னு சொல்லியிருக்கா, அதுவரைக்கும் எவனும் எடுக்கப்படாது” என்று அம்மா கரண்டியோடு காவல் நின்றாளாம்.

கடைசியில் படம் ஒட்டப்பட்டது. போட்டி மைதானமும் அசைந்து அசைந்து நடக்கும் வெள்ளைப் பன்றிகளும் திரையில் வந்தன. சிவப்பு விளக்கு அணைந்தது. மைனா கத்தரியைக் கீழே வைத்தாள். வேலை போயிற்று என்றே நினைத்தாள். ஆனாலும் மனசு லேசாக இருந்தது. நான்கு மாதத்தில் முதல்தடவையாக யாரிடமும் எதையும் ஒளிக்கவில்லை.

கதவு திறந்தது. ஆர்மராட். ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டிலிருந்து எழுந்து ஓடிவந்தவர், கழுத்தில் கைக்குட்டை செருகியபடியே இருந்தது. வெளியே நிலையத்தின் போன்கள் எல்லாம் ஒன்றாக அடித்துக்கொண்டிருந்தன. அவர் நிறுத்தக் கடிகாரத்தைப் பார்த்தார்.

“ஏழு விநாடின்னு சொன்னீங்க, மிஸ் மேர்.”

“ஆமா சார்.”

“ஒன்பது எடுத்துக்கிட்டீங்க.”

“மன்னிச்சுக்குங்க சார்.”

“அடுத்த வாரம் ஏழுல முடியணும்” என்று சொல்லிவிட்டு, போனை எடுக்கப் போனார்.

அடுத்த வாரம். அந்த இரண்டு சொல்லைக் கேட்டு மைனா நாற்காலியிலேயே ஒரு சுற்றுச் சுற்றினாள். எக்கி கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று, தன் வீட்டு நாற்பது பன்றிகள் சார்பாக ஒரு கும்பிடு போட்டான். பன்றி வரும் ஞாயிறுகளில், நிலையத்தின் நிகழ்ச்சித் தாளில் விளம்பரத்துக்கும் விவசாயத்துக்கும் நடுவே ஒரு வரி தட்டச்சாகியிருக்கும்: ‘இரும்பு, 7 விநாடி.’ அவள் ஓய்வுபெறும்வரை அந்த வரியை யாரும் எடுக்கவில்லை. அந்த ஏழு விநாடிக்குத் தேநீர் வைப்பதைப் பண்ணை வீடுகளில் பழக்கமாக்கிக்கொண்டார்கள்.

அன்று சாயங்காலம் ஐந்தரை. அடுத்த அறிவிப்புக்கு மூன்று நிமிடம் இருந்தது. எக்கி போனை நீட்டினான்.

“யாரோ ஒருத்தர். பேர் சொல்ல மாட்டேங்குறாரு. தொண்டைய மட்டும் செருமுறாரு.”

மைனா வாங்கிக் காதில் வைத்தாள்.

“அப்பா?”

“ம்.”

“போன்ல பேசுறீங்க!”

“துறைமுகத்துப் பெட்டிலேர்ந்து. காசு எங்க போடணும்னு தெரியல, ஒரு பையன் போட்டுக் குடுத்தான்.”

“ஆளுங்க வராங்களாப்பா, நாளைக்கு?”

“வராங்க, வராங்க. அஞ்சு பேரும் கம்பிய புடிச்சாங்கல்ல, தைரியமா இருக்கானுங்க. அதுக்கில்ல.” மறுபடியும் தொண்டையைச் செருமினார். “மைனா, நான் புடிக்கல.”

“என்னது?”

“இரும்பு. எனக்குப் பக்கத்துலயே இருந்துச்சு. நீ பேசுன. உன் மூஞ்சியவே பாத்துக்கிட்டு இருந்துட்டேன் புள்ள. அடுப்புக் கதைய சொல்லி எல்லாரையும் சிரிக்க வச்சியே, அப்பத்தான் பாக்குறேன், என் கை ரெண்டும் மடியில கெடக்குது. பதினேழு தரம் சொன்னியாமே. நான் ஒரு தரம்கூடத் தொடல.”

மைனா போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். அறுபது வயதுவரை ஒரு தடவைகூட இரும்பைத் தவறவிடாத மனிதர்.

“பசங்ககிட்ட சொல்லிடாத. எறங்கிடுவானுங்க.”

“அப்ப... நாளைக்குப் போறீங்களா?”

“அதான் கேக்குறேன். நீதான எப்பவும் அடுத்து என்னன்னு சொல்ற. சொல்லு, போகட்டுமா?”

எக்கி கண்ணாடிக்குப் பின்னால் விரலை உயர்த்தினான், இன்னும் நாற்பது விநாடி.

“போயிட்டு வாங்கப்பா” என்றாள் மைனா.

அன்று மாலை அவள் கண் கலங்க, மூக்கு சிவக்க, முகம் நிறையச் சிரித்துக்கொண்டு செய்தி நேரத்தை அறிவித்தாள். அந்த வாரம் வந்த கடிதங்களில் பதினொரு பேர், அம்மணிக்குச் சளி பிடித்திருக்கிறதா என்று விசாரித்து, ஆளுக்கொரு கஷாயம் எழுதியிருந்தார்கள்.